லிவுளி அல்ல, இவுளி: ஒரு பழஞ்சொல்லைத் தேடிப் பிடிக்கும் முறை

போன ஆடி மாதம் ஒரு நாள். சாப்பாட்டு மணி அடித்த பிறகும் பதினோராம் வகுப்புப் பெண் ஒருத்தி என் மேசைக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தாள். பாட்டு ஒப்புவிக்கும் போட்டிக்காகப் புறநானூற்றின் 197ஆம் பாட்டை மனப்பாடம் செய்துகொண்டிருந்தவள். கையில் ஒரு பழைய பதிப்பின் நகல்.

"தமிழம்மா, லிவுளின்னா என்ன? அகராதி முழுக்கப் பாத்துட்டேன், அப்படி ஒரு சொல்லே இல்ல."

அது லிவுளி இல்லை, இவுளி, குதிரை என்று பொருள் என்றேன். அவள் போகவில்லை. "குதிரைன்னா குதிரைன்னே பாடியிருக்கலாமே, தமிழம்மா? எதுக்கு இந்தச் சொல்லு?"

அந்தக் கேள்விக்கு அன்று என்னிடம் விடை இல்லை. நாளைக்குச் சொல்கிறேன் என்று அனுப்பிவிட்டேன். அன்று இரவு தொடங்கிய தேடல் மூன்று வாரம் நீண்டது. நான் போன வழியை இங்கே எழுதுகிறேன். குதிரைக்கான பழஞ்சொற்களை வைத்துத்தான் சொல்கிறேன் என்றாலும் யானைக்கும் நெல்லுக்கும் படகுக்கும் இதே வழியில் போகலாம். ஒரு கோடு போடாத நோட்டு, ஒரு பேனா, ஒரு பென்சில் வேண்டும். பேனாவும் பென்சிலும் எதற்கென்று போகப்போகச் சொல்கிறேன்.

முதலில் சொல்லை வெளியே எடுங்கள்

அந்தப் பெண்ணின் தாளில் அடி இப்படி இருந்தது:

வளிநடந் தன்ன வாச்செல லிவுளியொடு

பழைய பாட்டுகள் சீர் பிரித்து அச்சாகும்போது ஒரு சொல்லின் கடைசி எழுத்து அடுத்த சொல்லின் தலையில் ஏறிக்கொள்ளும். ‘செலல்’ என்பதன் ல், ‘இவுளி’யின் இகரத்தோடு சேர்ந்து ‘லி’ ஆகிவிட்டது. அகராதியில் ல வரிசையில் தேடினால் எப்படிக் கிடைக்கும்? தமிழ்ச் சொல் எதுவும் லகரத்தில் தொடங்காது என்பதை நினைவில் வைத்தால் இந்த இடத்தில் தடுமாற்றம் வராது. ட, ண, ர, ல, ழ, ள, ற, ன ஆகியவற்றில் ஒரு சீர் தொடங்கினால் முன்சீரின் வால் அங்கே ஒட்டியிருக்கிறது என்று பொருள்.

பிரித்து எழுதினால்: வளி நடந்து அன்ன வாச் செலல் இவுளியொடு. காற்று நடந்தாற்போன்ற தாவும் நடையுடைய இவுளியோடு. ‘வா’ என்பது இங்கே அழைப்பு அன்று, வாவுதல், அதாவது தாவுதல். கடைசியில் ஒட்டியிருக்கும் ‘ஒடு’ என்ற உருபையும் கழற்றிவிடுங்கள். இப்போது இவுளி தனியாக நிற்கிறது.

நோட்டில் அந்த ஓர் அடியை மட்டும் எழுதாதீர்கள். வாக்கியம் எங்கே முடிகிறதோ அதுவரை எழுதுங்கள். அடுத்த அடி ‘கொடிநுடங்கு மிசைய தேரினர் எனாஅ’ என்று போகிறது. இவுளியோடு சேர்ந்த தேர், தேரின் உச்சியில் ஆடும் கொடி. அதற்குப் பின் கடல் போன்ற படை, மலையோடு மோதும் களிறு, இடி போன்ற முரசு. இத்தனையும் உடைய பெருவேந்தரின் வெண்குடைச் செல்வத்தை நாங்கள் வியப்பதில்லை என்கிறார் புலவர். ஆட்டுக்குட்டி மேய்ந்து மிச்சம் விட்ட முஞ்ஞைக் கீரையையும் வரகுச் சோற்றையும் உண்ணும் சிற்றூர் மன்னரே ஆனாலும், எங்கள் பெருமை அறிந்து நடப்பவரைத்தான் வியப்போம் என்று முடிக்கிறார். பரிசில் தரத் தாமதித்த சோழன் குராப்பள்ளித் துஞ்சிய பெருந்திருமாவளவனைப் பார்த்துச் சொன்னது இது.

பாடியவர் கோனாட்டு எறிச்சலூர் மாடலன் மதுரைக் குமரனார். கோனாடு என்பது எங்கள் புதுக்கோட்டைச் சீமைதான். வெள்ளாற்றுக்கு வடக்கே கோனாடு, தெற்கே கானாடு. நான் பிறந்த ஊர் வடகரையில் இருக்கிறது. எங்கள் கொல்லை வேலியிலும் அந்த முஞ்ஞை, இன்றைய முன்னைக் கீரை, உண்டு. இவுளி என்ற சொல்லைக் கையாண்ட ஒரு வாய், நான் நடந்த மண்ணில் நடந்திருக்கிறது என்று தெரிந்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

இவ்வளவும் படித்த பிறகு அகராதி இல்லாமலே பொருளை ஊகிக்க முடிகிறது அல்லவா? தேரில் பூட்டப்படுவது, தாவி ஓடுவது, யானையோடும் படையோடும் வரிசையில் வைத்துப் பாடப்படுவது. அந்த ஊகத்தை முதலில் நோட்டில் பென்சிலால் எழுதிவிடுங்கள். அகராதியைப் பிறகு திறங்கள். ஊகித்துவிட்டுத் திறப்பவருக்குத்தான் அகராதி எதை விட்டுவிட்டது என்பதும் கண்ணில் படும்.

அகராதியில் அடைப்புக்குறியைப் படியுங்கள்

சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகன் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்தது. சிகாகோ பல்கலைக்கழகத்தின் தெற்காசிய அகராதித் தளத்தில் அதைக் காசில்லாமல் பார்க்கலாம். பலரும் அதில் பொருளை மட்டும் படித்துவிட்டு மூடிவிடுகிறார்கள். பொருளுக்கு அடுத்து அடைப்புக்குள் இருக்கும் சுருக்கக் குறிதான் அதைவிடப் பெரிய செய்தி. ‘புறநா.’ என்றோ ‘அகநா.’ என்றோ இருந்தால் அந்தச் சொல்லை யாரோ ஒரு பாட்டில் உயிரோடு ஆண்டிருக்கிறார்கள். ‘பிங்.’ ‘திவா.’ ‘சூடா.’ என்று மட்டும் இருந்தால் அது பிங்கலம், திவாகரம், சூடாமணி என்ற நிகண்டுகளிலிருந்து எடுத்தது.

நிகண்டு மனப்பாடத்துக்கு எழுதிய நூல். ஒரு பொருளுக்கு எத்தனை பெயர் உண்டோ அத்தனையையும் ஒரே பாட்டில் கட்டி வைத்திருப்பார்கள். குதிரைக்குப் புரவி, பரி, மா, இவுளி, வாசி, துரகம், அயம், கந்துகம், பாடலம், கோரம் என்று வரிசை நீளும். எல்லாம் ஒரே காலத்துச் சொற்கள் அல்ல, ஒரே எடையும் அல்ல. பாடலம் சேரனுடைய குதிரையின் பெயர், கோரம் சோழனுடையது, கனவட்டம் பாண்டியனுடையது. அவை தனிப் பெயர்கள். நிகண்டில் ஏறியதும் பொதுப் பெயர்போல் ஆகிவிட்டன.

இன்னொன்று பாருங்கள். கொக்கு என்றாலும் குதிரை என்று நிகண்டு வழி வந்த அகராதிகள் சொல்லும். பறவைக்கும் குதிரைக்கும் என்ன தொடர்பு என்று நான் நெடுநாள் குழம்பியிருக்கிறேன். கொக்குக்கு மாமரம் என்றும் ஒரு பொருள் உண்டு. துளுவில் இன்றைக்கும் மாங்காயைக் குக்கு என்றுதான் சொல்கிறார்கள். மாமரமும் மா, குதிரையும் மா. மாமரத்தின் இன்னொரு பெயர், மா என்ற பாலத்தின் வழியாக நடந்து குதிரைக்குப் போயிருக்க வேண்டும். இது என் ஊகம், நோட்டில் பென்சிலில்தான் இருக்கிறது. ஆனால் ஒரு பழக்கத்தை இதிலிருந்து எடுத்துக்கொண்டேன்: நிகண்டில் மட்டும் கிடைத்த பொருளை, ஒரு பாட்டில் கண்ணால் பார்க்கும் வரை பேனாவால் எழுதுவதில்லை.

இவுளிக்கு அந்தக் கவலை இல்லை. புறநானூறு சான்று நிற்கிறது. உ. வே. சாமிநாதையர் 1894இல் பதிப்பித்து வெளியிட்ட நூல், பழைய உரையும் உண்டு. குதிரை என்ற பொருளைப் பேனாவால் எழுதலாம்.

ஒலி ஒன்றாக இருந்தால் சொல் ஒன்று என்று நினைக்காதீர்கள்

இந்த இடத்தில்தான் அதிகம் பேர் வழி தவறுகிறார்கள். கல்லூரியில் நானும் தவறியிருக்கிறேன். வாசி என்றால் குதிரை என்று படித்த மறு வாரம், திருவீழிமிழலைப் பதிகத்தில் ‘வாசி தீரவே காசு நல்குவீர்’ என்ற அடியைப் பார்த்தேன். குதிரை வாங்கக் காசு கேட்கிறார் சம்பந்தர் என்று தேர்வில் எழுதிவிட்டேன். அங்கே வாசி என்பது காசை மாற்றும்போது பிடிக்கும் வட்டம், அதாவது கழிவு. அடியாருக்குச் சோறிட வாங்கிய பொற்காசு மாற்றுக் குறைந்து இருந்ததால், குறைவில்லாத காசு தா என்று இறைவனிடம் கேட்கிறார். ஒரே ஒலி, வேறு சொல், வேறு பிறப்பு. குதிரையைக் குறிக்கும் வாசி, வடமொழி ‘வாஜின்’ தமிழுக்கு வந்த வடிவம்.

பரியும் அப்படித்தான். நரியைப் பரியாக்கிய கதையில் வருவது குதிரை. மதுரையில் ஆவணி மூலத் திருவிழாவில் அந்த லீலையை இன்றும் நடத்துகிறார்கள். கோயிலில் தலையில் கட்டும் பரிவட்டத்தில் இருக்கும் பரி குதிரை அன்று, சுற்றி என்ற பொருளில் வரும் முன்னொட்டு.

மா என்பது எல்லாவற்றிலும் கடினம். விலங்கு, குதிரை, யானை, மாமரம், கருமை, பெருமை, அரிசி மாவு, நில அளவு, இருபதில் ஒரு பங்கு. தனியே நிற்கும் மாவைப் பார்த்து எதுவும் சொல்ல முடியாது. அதற்கு முன்னால் இருக்கும் அடையைப் பாருங்கள். கலிமா, பாய்மா, கடுமா என்று செருக்கும் பாய்ச்சலும் விரைவும் ஒட்டியிருந்தால் பெரும்பாலும் குதிரை. புறநானூற்றின் 15ஆம் பாட்டில் ‘வெள்ளுளைக் கலிமான்’ என்று வரும். உளை, அதாவது பிடரிமயிர், என்றதும் மான் குதிரையாகிவிடுகிறது.

குதிரை என்று நேராகவே இருந்தாலும் ஒரு நொடி நில்லுங்கள். 168ஆம் பாட்டில் ‘ஊராக் குதிரைக் கிழவ’ என்று ஒரு தலைவனை அழைக்கிறார்கள். ஊர்தல் என்றால் ஏறிச் செல்லுதல். ஏறிச் செல்ல முடியாத குதிரைக்கு உரியவனே, அதாவது குதிரைமலைக்குத் தலைவனே. அதே மாதிரி, தொல்காப்பிய மரபியல் ஆண் குதிரையைச் சேவல் என்று சொல்லும் வழக்கு இருந்ததைக் குறிக்கிறது. ஒரு பழைய பாட்டில் சேவல் வந்தால் கொண்டையைத் தேடும் முன் குளம்பையும் தேடிவிடுங்கள்.

உயிரோடு இருக்கும் இடத்தில் போய்க் கேளுங்கள்

நான் வேளார் வீட்டுப் பெண். என் அப்பா அய்யனார் கோயிலுக்கு மண்குதிரை செய்கிறவர். ஊரார் பிடிமண் கொண்டுவந்து கொடுத்தால் வேலை தொடங்கும். கண்மாய்க் களிமண்ணில் மணலும் உமியும் சேர்த்து மிதித்து, முதலில் நான்கு காலை நிறுத்தி, அது இறுகிய பின் வயிறு, பின் கழுத்து, கடைசியில் தலை. காய்ந்து சூளையில் வெந்து வண்ணம் பூசிய பிறகு கண் திறப்பு. ஊரே வந்து தோளில் தூக்கிக்கொண்டு போகும். அதற்குப் பெயர் புரவி எடுப்பு. புதுக்கோட்டை, சிவகங்கைப் பக்கத்தில் எந்த ஊரில் கேட்டாலும் தெரியும்.

புரவி என்பதைப் பழஞ்சொல், இலக்கியச் சொல் என்று பாடநூல்கள் குறிக்கின்றன. பட்டினப்பாலையில் ‘நீரின் வந்த நிமிர்பரிப் புரவி’ என்று காவிரிப்பூம்பட்டினத்துக்குக் கப்பலில் வந்து இறங்கியது அதே சொல். எங்கள் வீட்டில் அது அடுப்பங்கரைச் சொல். "புரவி காயுது, பக்கத்துல ஓடாதே" என்று அதட்டு வாங்கி வளர்ந்தவள் நான்.

அப்பாவிடம் புரவி என்றால் என்ன அர்த்தம் என்று நேராகக் கேட்டேன். "குதிரைதான்" என்றார். அவ்வளவுதான். இரண்டு நாள் கழித்துக் கேள்வியை மாற்றினேன். "எப்பப்பா குதிரைங்கிறீங்க, எப்பப் புரவிங்கிறீங்க?"

சூளைக்கு விறகு அடுக்கிக்கொண்டே சொன்னார். "திருவிழாக் கடையில பிள்ளைங்களுக்கு விக்கிறது குதிரை. வண்டியில கட்டுறது குதிரை. அய்யனாருக்குன்னு பிடிமண் வாங்கிட்டா அது புரவி. கால் மட்டும் நிக்கிறப்பவே அது புரவிதாம்மா. வெடிச்சுப்போனாக்கூட அத குதிரைன்னு சொல்லமாட்டோம்."

எந்த அகராதியிலும் நான் பார்க்காத வேறுபாடு இது. அதனால் சொல்கிறேன்: பேசும் மனிதரிடம் பொருள் கேட்காதீர்கள். எப்போது சொல்வீர்கள், எப்போது சொல்லமாட்டீர்கள் என்று கேளுங்கள். அவர் சொன்னதை அவர் சொன்னபடியே எழுதுங்கள், திருத்தி எழுதாதீர்கள். சடங்கில் சிக்கிக்கொண்ட சொல்லுக்கு ஆயுள் அதிகம். கோயில், பயிர்த்தொழில், கைத்தொழில், சாவு வீடு ஆகிய நான்கு இடங்களில் கேட்காமல் ஒரு சொல்லை வழக்கிழந்தது என்று முடிவு கட்ட வேண்டாம்.

இவுளியையும் கேட்டுப் பார்த்தேன். அப்பாவுக்குத் தெரியவில்லை. சித்தப்பாமார் இருவருக்கும் கோயில் பூசாரிக்கும் தெரியவில்லை. எங்கள் பக்கத்துப் பேச்சில் அது இல்லை.

பிறப்பைத் தேடுவது

இனிச் சொல்லின் மூலம். இதற்கு ஒரு வரிசை வைத்திருக்கிறேன்: சொந்த மொழிக்குள் உடைத்துப் பார், உறவு மொழிகளில் தேடு, அண்டை மொழிகளில் தேடு. இந்த வரிசையை மாற்றக்கூடாது.

உடைத்துப் பார்த்தால் குதிரைப் பெயர்களில் பெரும்பாலானவை ஓட்டத்தையே சொல்கின்றன. பரி என்றால் ஓடுதல், ஓட்டம். பாய்மா பாயும் விலங்கு. துரகம் வடமொழியில் விரைந்து செல்வது. குதிரையைக் குதி என்ற வினையோடு சேர்த்துச் சொல்வது ஊர்வழக்கு. குதிரைக்கு உறவுகள் அருகிலேயே இருக்கின்றன: மலையாளத்தில் குதிர, கன்னடத்திலும் துளுவிலும் குதுரெ. ஆக, இந்த மொழிகள் பிரிவதற்கு முன்பே அந்தச் சொல் இருந்திருக்க வேண்டும். டேவிட் மெக்கால்பின் என்ற அறிஞர், பழைய ஈரானில் வழங்கிய ஈலமிய மொழியில் சுமத்தல் என்ற பொருளுள்ள ஒரு ‘குதி’யோடு இதை இணைத்தார். அந்தக் கொள்கையை மொழியியலாளர் பலரும் ஏற்கவில்லை. தாவுவதாலா, சுமப்பதாலா என்பது பென்சிலிலேயே இருக்கட்டும்.

இவுளியை உடைக்க முடியவில்லை. இவு என்று ஒரு வினை இல்லை. இவர்தல் என்றால் ஏறுதல், செல்லுதல். அதோடு சேர்க்கலாமா என்று இரண்டு நாள் முயன்றேன். ரகரம் போய் உகரமும் ளகரமும் எப்படி வந்தன என்று காட்ட வேறு இணைச்சொல் ஒன்றும் எனக்கு அகப்படவில்லை. விட்டுவிட்டேன். ஆசைப்பட்ட விடையை விடுவது கடினம்தான், ஆனால் விட வேண்டும்.

உறவு மொழிகளுக்கு பர்ரோவும் எமனோவும் தொகுத்த திராவிட வேர்ச்சொல் அகராதியைப் பாருங்கள். முதற்பதிப்பு 1961, திருத்திய பதிப்பு 1984. அதுவும் சிகாகோ தளத்தில் இருக்கிறது. ஒவ்வொரு வேருக்கும் ஓர் எண் கொடுத்திருப்பார்கள். குதிரை 1711. அதில் மொழிகள் வரிசை கட்டி நிற்கின்றன. இவுளி 500. அதில் இரண்டே மொழிகள். ஒன்று தமிழ். மற்றது மலையாளமோ தெலுங்கோ அன்று, பிராகூயி.

பிராகூயி பாகிஸ்தானின் பலூசிஸ்தானத்தில் கலாத்தைச் சுற்றிப் பேசப்படும் திராவிட மொழி. வெள்ளாற்றங்கரையிலிருந்து 2,000 கிலோமீட்டருக்கும் அப்பால். டெனிஸ் பிரே என்பவர் 1909இல் அதற்கு இலக்கணம் எழுதினார். அங்கே குதிரைக்கு ஹுல்லீ என்று பெயர், முதலில் ஹகரம் இல்லாமலும் ஒலிப்பதுண்டு. சுற்றியிருக்கும் பாரசீகமும் பலூச்சியும் குதிரையை அஸ்ப் என்கின்றன. பிராகூயி அவற்றிடமிருந்து ஏராளமான சொற்களைக் கடன் வாங்கிய மொழி. குதிரைக்கு மட்டும் தன் சொல்லை வைத்திருக்கிறது. இதைப் பார்த்ததும் பேனாவை எடுக்கக் கை துடித்தது.

எடுக்கவில்லை. உறவு என்று சொல்ல இரண்டு சொற்கள் கேட்கும்போது ஒத்திருந்தால் போதாது, ஒலி மாறும் முறையும் ஒத்திருக்க வேண்டும். நம் கண் பிராகூயியில் ஃகன், கல் என்பது ஃகல். ககரம் தொண்டையிலிருந்து உரசி வரும் ஒலியாக மாறுகிறது, இரண்டிலும் ஒரே மாதிரி. வாய் அங்கே பா. செவி, முன்பு கெவி என்று இருந்தது, அங்கே ஃகஃப். இதைக் கவனியுங்கள்: செவியின் நடுவில் இருக்கும் வகரம் உதட்டொலியாக அங்கே நின்றுவிட்டது. இவுளியின் நடுவிலும் வகரம் இருக்கிறது. ஹுல்லீயில் அது எங்கே? பின்னால் வந்த உகரத்தோடு கரைந்து போயிருக்கலாம். அதே கரைவு இன்னொரு சொல்லிலும் நடந்ததைக் காட்டினால்தான் வாதம் நிற்கும்.

அதனால் மூன்று வழிகள் திறந்தே இருக்கின்றன. இரண்டும் ஒரே பழைய திராவிடச் சொல்லின் பிள்ளைகளாக இருக்கலாம். அப்படியானால் அந்த மூதாதைச் சொல் முதலில் குதிரையைத்தான் குறித்தது என்றும் கட்டாயம் இல்லை. கட்ச் வளைகுடாவை ஒட்டிய ரண் உப்பு நிலத்தில் இன்றும் ஓடும் காட்டுக் கழுதை போன்ற ஒரு விலங்கைக் குறித்து, பின்னால் குதிரை வந்தபோது அதன் மேல் ஏறியிருக்கலாம். அல்லது மறைந்துபோன ஒரு மூன்றாம் மொழியிலிருந்து இருவரும் தனித்தனியே வாங்கியிருக்கலாம். அல்லது தற்செயல் ஒப்புமை. எனக்கு முதல் வழியின் மேல்தான் மனம் சாய்கிறது. ஏனென்றால் குதிரையைப் போன்ற விலைமதிப்புள்ள விலங்குக்கு, அண்டை மொழிகளின் பெயரை ஒதுக்கிவிட்டு, இந்தியத் துணைக்கண்டத்தின் இரண்டு கோடிகளிலும் இவ்வளவு நெருங்கிய சொல் இருப்பது எளிதில் தற்செயலாக நிகழாது. ஆனாலும் பென்சில்.

செய்யக்கூடாத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். லத்தீனின் எக்வுஸும் வடமொழி அச்வமும் இவுளியிலிருந்து பிறந்தவை என்று கைப்பேசியில் ஒரு செய்தி வந்தது. எனக்கும் தமிழ் உயிர்தான். அந்த இரண்டு சொற்களும் பாரசீக அஸ்ப்போடும் சேர்ந்து ஒலி விதிகள் வழுவாமல் தங்களுக்குள் பொருந்துகின்றன. அந்த வரிசையில் இவுளிக்கு இடம் இல்லை. இவுளிக்கு வேறு குடும்பம் இருக்கிறது. தன் குடும்பத்தைத் தேடித் தருவதுதான் நாம் அதற்குச் செய்யும் மரியாதை.

மாற்றி வைத்துப் பாருங்கள்

அந்தப் பெண் கேட்ட கேள்விக்கு விடை இங்கேதான் கிடைத்தது. குதிரை என்றே பாடியிருக்கலாமே?

பாடிப் பார்த்தேன். இவுளியொடு, குதிரையொடு. இவு-ளியொ-டு, குதி-ரையொ-டு. நடுவில் ஐகாரம் குறுகும் என்பதால் இரண்டும் நிரை நிரை நேர். யாப்பு இடம் தருகிறது. ஆகவே சீர் நிரப்ப வேறு வழியில்லாமல் இவுளி வரவில்லை, புலவர் தேர்ந்தெடுத்திருக்கிறார்.

இப்போது வாய்விட்டுச் சொல்லுங்கள். ‘வளிநடந் தன்ன வாச்செலற் குதிரையொடு.’ செலல் என்பதன் லகரம் ககரத்தைக் கண்டதும் றகரமாகி முட்டிக்கொண்டு நின்றுவிடுகிறது. ‘வளிநடந் தன்ன வாச்செல லிவுளியொடு.’ லகரம் நிற்காமல் அடுத்த சீருக்குள் வழுக்கிக்கொண்டு ஓடுகிறது. முதல் சீரில் வளி, கடைசிச் சீரில் வுளி. காற்று என்ற சொல்லின் எதிரொலி குதிரையின் பெயருக்குள்ளேயே கேட்கிறது. அகராதியில் ஒரே பொருளாகத் தெரியும் இரண்டு சொற்கள் பாட்டுக்குள் ஒன்று இல்லை என்பதை இந்த ஒரு சோதனை காட்டிவிடும். பழஞ்சொல் எதைப் பார்த்தாலும், அதற்கு ஈடாக நமக்குத் தெரிந்த சொல்லை அதே இடத்தில் வைத்து வாய்விட்டுப் படித்துவிட்டு, எது கெடுகிறது என்று கேளுங்கள்.

விடை கிடைத்த மறுநாள் வகுப்பில் அவளைப் பாடச் சொன்னேன். லகரத்தை விடாமல் இழுத்துக்கொண்டு போய் இவுளியில் இறக்கச் சொன்னேன். மூன்றாவது முறை சரியாக வந்தது. பின்வரிசையில் தூங்கிக்கொண்டிருந்தவன் தலையைத் தூக்கிப் பார்த்தான்.

என் நோட்டில் இவுளிக்கு இன்று இருப்பது இவ்வளவுதான். பேனாவில்: குதிரை, புறம் 197, தேரில் பூட்டுவது, தாவும் நடை. பேனாவில்: இன்றைய பேச்சில், எங்கள் பக்கத்தில், இல்லை. பேனாவில்: வேர்ச்சொல் அகராதி எண் 500, உடன் பிராகூயி ஹுல்லீ. பென்சிலில்: ஒரே வேரா? வகரம் எங்கே?

நீங்கள் தொடங்க ஓர் அடி தருகிறேன். அகநானூற்றின் நான்காம் பாட்டில் தலைவனின் தேர் வருகிறது. பூவில் துணையோடு தேன் குடிக்கும் வண்டுகள் கலங்கிவிடுமே என்று அஞ்சி மணியின் நாவைக் கட்டிவிட்டு வருகிறான். அந்தத் தேரை இழுப்பது ‘குரங்குளைப் பொலிந்த கொய்சுவற் புரவி’. உளை, சுவல், புரவி மூன்றையும் தேடுங்கள். குரங்கு என்ற சொல்லுக்கு மரத்தைப் பார்க்காமல், குரங்குதல் என்ற வினை இருக்கிறதா என்று லெக்சிகனில் பாருங்கள். அந்தப் பெண் இப்போது அந்த அடியில்தான் இருக்கிறாள். நேற்று இரண்டு பென்சில் வாங்கிக்கொண்டு வந்திருந்தாள்.